கூட்டம் பெரிது, விசாரிப்பவர் யார்?

வாசகர் கேள்வி – பதில்

கொழும்பின் புரட்டஸ்தாந்து திருச்சபைகளில் நடக்கும் பெரிய ஆராதனைகளையும் எழுப்புதல் கூட்டங்களையும் பற்றிப் பல கடிதங்கள் வந்திருக்கின்றன. ஒரே விஷயத்தைக் கேட்டவற்றை ஒன்றாகச் சேர்த்துப் பதில் தருகிறோம். எழுதியோரின் பெயர்களைப் போடவில்லை.

எங்கள் அப்பா காலத்தில் சபையின் வருடாந்தக் கூட்டம் என்றால் உறவெல்லாம் கூடும். சம்பந்தம் பேசுவதும் அங்கேதான், வேலைக்குச் சொல்லி வைப்பதும் அங்கேதான். இன்று ஞாயிறுதோறும் ஆயிரம் பேர் கூடுகிறார்கள். பக்கத்துக் கதிரையில் இருப்பவர் யாரென்றே தெரியவில்லை. எங்கே பிசகியது?
— வாசகர், வெள்ளவத்தை

ஒரே நாளில் பிசகவில்லை, ஐயா. அந்தக் கூட்டம் சுமந்துவந்த வேலைகள் ஒவ்வொன்றாகக் கைமாறிப் போயின.

கொழும்பின் பழைய சபைகள் பாடசாலைகளோடு சேர்ந்தே வளர்ந்தவை. புறக்கோட்டை மெதடிஸ்த ஆலயம் 1816இல் திறக்கப்பட்டது. வெஸ்லி கல்லூரி 1874இல் தொடங்கியது, பிஷப்ஸ் கல்லூரி 1875இல், லேடீஸ் கல்லூரி 1900இல். நாடெங்கும் மிஷன் பாடசாலைகள் இருந்த நாளில் ஆசிரியர் நியமனம் மிஷன் முகாமையாளரின் கையில் இருந்தது. ஆகவே வருடாந்தக் கூட்டத்தில் குருவானவரைக் கண்டு இரண்டு வார்த்தை கதைப்பது வேலை தேடும் வழியாகவும் இருந்தது. 1960ஆம் ஆண்டுச் சட்டத்தோடு உதவி பெறும் பாடசாலைகளை அரசு பொறுப்பேற்றது. கட்டணம் அறவிடாத தனியார் பாடசாலைகளாக விலகி நின்றவை சிலதான். அத்தோடு அந்த வழி அடைபட்டது. சம்பந்தம் பேசுவது முதலில் பத்திரிகையின் மணமக்கள் தேவைப் பக்கத்துக்கும் பிறகு இணையத்துக்கும் போனது. 1983 யூலை இனக் கலவரத்துக்குப் பின் ஒரே வாங்கில் வரிசையாக இருந்த குடும்பங்கள் ரொறன்ரோ, லண்டன், மெல்பேர்ன் என்று சிதறின.

போர்க் காலத்தில் கூட்டத்துக்கு வேறொரு வேலை வந்து சேர்ந்தது. 1995 ஒக்டோபர் கடைசியில் யாழ்ப்பாணம் இடம்பெயர்ந்த பிறகு கொழும்பு லொட்ஜ்களில் தங்கியிருந்தவர்களுக்கு, தமிழ் ஆராதனை முடிந்து முற்றத்தில் நிற்கும் அரை மணி நேரம்தான் ஊர்ச்செய்தி கிடைக்கும் நேரம். யார் எங்கே இருக்கிறார்கள், எந்த வீட்டில் அறை வாடகைக்கு இருக்கிறது, வெளிநாட்டுக் காசை யாரிடம் நம்பிக் கொடுக்கலாம் எல்லாம் அங்கேதான் தெரியவந்தன. கையில் ஒரு ரெலிபோன் வந்ததும் அந்த முற்றத்துக்கும் வேலை குறைந்தது.

இதற்கிடையில் மறுபுறம் ஒன்று வளர்ந்தது. பெந்தெகொஸ்தே சபைகள் 1920களிலேயே கொழும்பில் கால் வைத்தவை. இன்று அவற்றின் பெரிய மண்டபங்களுக்கு வருவோரில் பலர் தங்கள் குடும்பத்தில் முதல் விசுவாசிகள். சொந்த வீட்டில் நத்தார் கொண்டாட ஆளில்லாதவர்கள். 2012 குடிசன மதிப்பீட்டின்படி இந்த நாட்டில் கத்தோலிக்கர் அல்லாத கிறிஸ்தவர்கள் 290,967 பேர், சனத்தொகையில் 1.4 வீதம். வேலைத்தலத்தில் தான் ஒருவர் மட்டுமே என்றிருப்பவருக்கு ஆயிரம் குரல் சேர்ந்து பாடுவதைக் கேட்பதே பெரிய தெம்பு. மூன்று தலைமுறை சபை கண்ட உங்களுக்கு அதே மண்டபம் சந்தைக் கூட்டமாகத் தெரிவதும் நியாயம்தான். இருவரும் ஒரே இடத்தில் இரண்டு வேறு தேவைகளோடு இருக்கிறீர்கள்.

ஆனால் கூட்டத்தின் பருமனைக் குறை சொல்லிப் பயனில்லை. மெதடிஸ்த இயக்கத்தைத் தொடங்கிய ஜோன் வெஸ்லி 1739 ஏப்ரலில் இங்கிலாந்தின் பிரிஸ்டலில் வெட்டவெளிப் பிரசங்கத்தைத் தொடங்கியபோதும் வந்தவர்கள் முகம் தெரியாத ஆயிரக்கணக்கானோர்தான். அங்கே கட்டியிருந்த மண்டபத்தின் கடனை அடைக்க, 1742இல் ஏறத்தாழப் 12 பேருக்கு ஒரு தலைவரை வைத்து, வாரம் ஒரு பென்னி வசூலிக்க ஏற்பாடு செய்தார்கள். காசு வாங்க வீடு வீடாகப் போனவர்கள் அங்கே நோயையும் குடியையும் பட்டினியையும் சண்டையையும் கண்டார்கள். கடன் வசூல் அப்படியே விசாரிப்பாக மாறி, மெதடிஸ்த வகுப்புக் கூட்டம் பிறந்தது. மெதடிஸ்த இயக்கம் நிலைத்ததற்கு வெளியரங்கப் பிரசங்கத்தைவிட இந்தப் பன்னிரண்டு பேர்க் குழுவே பெரிய காரணம் என்பது எங்கள் கருத்து. தென் கொரியாவின் சியோலில் உள்ள மாபெரும் பெந்தெகொஸ்தே சபையான யொய்டோவும் 1964இலிருந்து பெண்களைத் தலைவிகளாக வைத்து வீட்டுக் குழுக்களாகப் பிரிந்த பின்தான் அந்தப் பருமனைத் தாங்கியது.

எனவே நீங்கள் போகும் சபையில் கேட்கவேண்டியது ஒன்றுதான்: மூன்று ஞாயிறு நான் வராவிட்டால் யார் என்னைத் தேடி வருவார்? பெயர் சொல்லிப் பதில் தர முடிந்தால் அது நல்ல சபை. முடியாவிட்டால் வெள்ளவத்தைப் பக்கத்தில் நடக்கும் வீட்டுக் கூட்டம் எது என்று விசாரித்து அதில் சேருங்கள். ஆராதனைக்கு இருபது நிமிடம் முந்திப் போய் ஒரே பகுதியில் தொடர்ந்து இருங்கள். கதிரை அடுக்கும் குழுவில் பெயர் கொடுத்தால் இன்னும் நல்லது. சேர்ந்து வேலை செய்யும்போதுதான் பெயர்கள் மனதில் நிற்கும்.

மூன்று இரவு எழுப்புதல் கூட்டம் வைக்கத் திட்டமிட்டிருக்கிறோம். ஓர் இரவுக்கு 1,200 பேரை எதிர்பார்க்கிறோம். எங்கள் குழுவில் எல்லோரும் புதியவர்கள். எதில் தொடங்குவது?
— கூட்டக் குழுச் செயலாளர், தெஹிவளை

திகதியில் தொடங்குங்கள். சாதாரண தர, உயர்தரப் பரீட்சை நடக்கும் வாரங்களையும் வெசாக் வாரத்தையும் தவிருங்கள். அயலவரின் பிள்ளை படிக்கும் இரவில் உங்கள் ஒலிபெருக்கி அலறினால், நற்செய்திக்கு அந்த ஒழுங்கையில் இனி இடமிருக்காது.

அடுத்தது ஒலிபெருக்கி அனுமதி. பொலிஸ் கட்டளைச் சட்டத்தின் 80ஆம் பிரிவின்கீழ் உங்கள் பகுதிப் பொலிஸ் நிலையத்தில் பெறவேண்டும். 2007இல் உயர் நீதிமன்றம் தந்த தீர்ப்பின்படி இரவு 10 மணி முதல் காலை 6 மணி வரைக்கு வழமையாக அனுமதி கொடுக்க முடியாது. இது எல்லா மதத்தவர்க்கும் பொது. திகதி, நேரம், இடம், பொறுப்பாளர் விபரம், காணி அல்லது மண்டப உரிமையாளரின் சம்மதக் கடிதம் எல்லாவற்றையும் சேர்த்து இரண்டு வாரத்துக்கு முன்பே கொடுத்துவிடுங்கள். ஒன்பது மணிக்கு முடிப்பதே நல்லது. அதற்குப் பிறகு பஸ் குறையும், பெண்கள் தனியே போக அஞ்சுவார்கள்.

இடக் கணக்கு: பிளாஸ்ரிக் கதிரை ஒன்றுக்கு 55 சென்ரிமீற்றர் அகலம், வரிசைக்கு வரிசை 90 சென்ரிமீற்றர். நடைபாதையையும் சேர்த்தால் ஆளுக்கு முக்கால் சதுர மீற்றர் போகும். 1,200 பேருக்கு 900 சதுர மீற்றர், அதாவது ஏறத்தாழ 9,700 சதுர அடி. மேடையும் ஒலிப்பதிவு மேசையும் இதற்குப் புறம்பு. இரண்டு நடைபாதைகளுக்கு நடுவே 12 கதிரைக்கு மேல் வைக்காதீர்கள். சுவர்ப் பக்கம் என்றால் ஆறு. நான்கு நான்கு கதிரைகளாகக் கேபிள் ரையால் கட்டுங்கள். எதாவது பதற்றத்தில் ஆட்கள் எழும்பினால் தனிக் கதிரை கவிழ்ந்து காலில் சிக்கும், பின்னால் வருபவர் அதன்மேல் விழுவார்.

2019 உயிர்த்த ஞாயிறில் மட்டக்களப்பு சீயோன் தேவாலயத்தில் நடந்த குண்டுத் தாக்குதலை யாரும் மறக்கவில்லை. அன்றிலிருந்து எல்லா இடத்திலும் வாசலில் பைகளைப் பார்க்கிறார்கள், பார்க்கவும் வேண்டும். ஆனால் அதன் பேரில் பக்கக் கதவுகளைப் பூட்டி ஒரே வாசலை விட்டுவைப்பது பெரும் ஆபத்து. உள்ளே வர ஒரு பாதை போதும். வெளியேற நான்கு வேண்டும், ஒவ்வொன்றும் ஒன்றரை மீற்றர் அகலத்துக்குக் குறையாமல், வெளிப்பக்கம் திறக்கும்படி. வெளியேறும் கதவு ஒவ்வொன்றிலும் திறக்கத் தெரிந்த ஒருவர் கடைசி ஜெபம் வரை நிற்கட்டும், பூட்டுப் போடவேண்டாம். ஒரு பையைப் பார்க்கப் பத்து விநாடி என்று வைத்தால் ஒரு மேசையில் நிமிடத்துக்கு ஆறு பேர். நான்கு மேசை போட்டாலும் 1,200 பேர் உள்ளே வர 50 நிமிடம் எடுக்கும். ஆறு மணிக் கூட்டத்துக்கு ஐந்து மணிக்கே வாசலைத் திறந்துவிடுங்கள். பெண்களின் பையைப் பெண்களே பார்க்கவேண்டும். பெரிய பை கொண்டுவரவேண்டாம் என்று அழைப்பிலேயே போட்டால் பாதி வேலை குறையும்.

ஒலி: முன்னால் இரண்டு பெரிய ஸ்பீக்கரை வைத்துச் சத்தத்தைக் கூட்டுவது வழமையான தவறு. முதல் வரிசைக்குக் காது வலிக்கும், கடைசி வரிசைக்குச் சொல் புரியாது, அடுத்த வீட்டுக்கு மட்டும் எல்லாம் தெளிவாகக் கேட்கும். நடுவிலும் இரண்டு சிறிய ஸ்பீக்கரை வைத்து, எல்லாவற்றையும் தாழ்த்தி விடுங்கள். ஒலி ஒரு விநாடியில் ஏறத்தாழ 345 மீற்றர் போகிறது. மேடையிலிருந்து 25 மீற்றர் தள்ளி வைத்த ஸ்பீக்கர் அதே கணத்தில் பேசினால் எதிரொலிபோலச் சொல் இரட்டிக்கும். மிக்சர் என்னும் ஒலிக் கலவைக் கருவியில் அதற்கு 72 மில்லி விநாடித் தாமதம் கொடுத்து, மேலும் 10 முதல் 15 கூட்டுங்கள். பேச்சு மேடையிலிருந்தே வருவதுபோல் கேட்கும். தேத்தண்ணிக்குத் தண்ணீர் கொதிக்கவைக்கும் 3 கிலோவாட் பொயிலர் தனியாகவே 13 அம்பியர் இழுக்கும். அதை மேடைக்குப் போகும் இணைப்பில் செருகினால் பாட்டின் நடுவில் பிரேக்கர் விழும்.

தண்ணீர் ஆளுக்கு அரை லீற்றர்: 600 லீற்றர், 19 லீற்றர் போத்தலில் 32. மலசலகூடம் பெண்களுக்கு 60 பேருக்கு ஒன்றாவது. ஒழுங்கு செய்பவர் 40 பேருக்கு ஒருவர்.

இனி முக்கியமான விஷயத்துக்கு வருகிறோம். பெரும்பாலான கூட்டங்கள் இங்கேதான் தோற்கின்றன. மேடையில் அழைப்புக் கொடுக்கிறார்கள், முன்னே வந்தவர்களிடம் அட்டை நிரப்பி வாங்குகிறார்கள், அட்டைகள் ஒரு பெட்டிக்குள் போகின்றன. மூன்றாவது வாரம் யாரோ ஒருவர் 200 பேருக்குத் தனியாகத் தொலைபேசி எடுக்கத் தொடங்குகிறார். அதற்குள் அந்த ஆளுக்கு அன்றைய இரவே மங்கிப் போயிருக்கும். அழுதுகொண்டு முன்னே வந்த ஒரு பெண்ணை அதற்குப் பிறகு யாரும் தேடாமல் விடுவது, கூட்டமே வைக்காமல் இருப்பதைவிடக் கொடுமை.

ஆகவே சுவரொட்டி அச்சடிக்க முன்பே தொடர்பாளர்களைத் தெரிவு செய்யுங்கள். ஒருவருக்கு எட்டு அட்டைக்கு மேல் கொடுக்கக்கூடாது. மூன்று இரவிலும் 160 அட்டை வரும் என்று நினைத்தால் 20 பேர் வேண்டும். அட்டையில் ஐந்து விஷயம் போதும்: பெயர், தொலைபேசி, இருக்கும் பகுதி, பேச விரும்பும் மொழி, எந்த நேரம் அழைக்கலாம். 48 மணி நேரத்துக்குள் முதல் அழைப்பு. அந்த அழைப்பில் காணிக்கை, ஞானஸ்நானம் எதுவும் பேசவேண்டாம், எப்படி இருக்கிறீர்கள் என்று கேட்டால் போதும். அவர் வேறொரு சபையைச் சேர்ந்தவர் என்றால் அந்தச் சபைக்கே திருப்பி அனுப்புங்கள். அட்டையில் உள்ள எண்களை வாட்ஸ்அப் குழுவில் கூட்டாகச் சேர்க்காதீர்கள். புதிதாக வந்த ஒருவரின் எண் நூறு பேருக்குத் தெரிந்துவிடும். அவர் வீட்டாருக்குச் சொல்லாமல் வந்தவராக இருந்தால் சிக்கல் பெரிது.

இரண்டு மாதத்துக்கு முன் அம்மா ஒரு குணமாக்கும் கூட்டத்துக்குப் போனார். ஜெபித்த பிறகு நோய் போய்விட்டது என்று நீரிழிவு மாத்திரையையும் பிறெஷர் மாத்திரையையும் நிறுத்திவிட்டார். சொன்னால் என் விசுவாசம் குறைவு என்கிறார். என்ன செய்வது?
— மகள், வத்தளை

இன்றைக்கே வைத்தியரிடம் கூட்டிப் போங்கள். பழைய அளவை நீங்களாக மறுபடி தொடங்கவும் வேண்டாம். இரண்டு மாதம் விட்ட பிறகு எந்த அளவில் தொடங்குவது என்பதை இரத்தச் சீனியையும் அழுத்தத்தையும் பார்த்துவிட்டு வைத்தியர்தான் சொல்லவேண்டும். அதிக தாகம், அடிக்கடி சிறுநீர், வாந்தி, வயிற்று வலி, மூச்சு வேகமாக வாங்குதல், குழம்பிய பேச்சு இவற்றில் எதையாவது கண்டால் காத்திருக்காமல் 1990க்கு அழையுங்கள். சுவ செரிய அம்புலன்ஸுக்குக் கட்டணம் இல்லை.

நீரிழிவு கூடும்போது ஆரம்பத்தில் ஒன்றும் தெரியாது, உடம்பு இலேசாக இருப்பதுபோல்கூடத் தோன்றும். அதனால்தான் மாத்திரையை விட்டவர் தாம் சுகமானதாக நம்புகிறார். கூட்டத்தின் பாட்டும் மகிழ்ச்சியும் வலியைச் சில மணி நேரம் மறக்கச் செய்வதும் உண்மைதான். ஆனால் அதை வைத்து இரத்தச் சீனியை அளக்க முடியாது. இன்சுலின் போடுபவர் நிறுத்தினால் சிலருக்கு ஓரிரு நாளிலேயே உயிராபத்து வரும். வலிப்பு மாத்திரையும் மனநல மாத்திரையும் திடீரென நிறுத்தக்கூடாதவை.

அம்மாவோடு விசுவாசம் பற்றி வாதாடாதீர்கள், தோற்பீர்கள். "அம்மா, ஆண்டவர் சுகம் தந்திருந்தால் ரிப்போர்ட்டிலும் அது தெரியும், வாங்கோ பார்ப்பம்" என்று சொல்லுங்கள். பத்துக் குஷ்டரோகிகளை இயேசு ஆசாரியரிடம் போய்க் காட்டும்படி அனுப்பினார் என்று லூக்கா 17இல் இருக்கிறது. அம்மா அதை அறிவார். அவர் மதிக்கும் போதகரிடமும் நேரில் பேசி, மாத்திரையை எடுக்கச் சொல்லி அவர் வாயாலேயே அம்மாவுக்குச் சொல்லவையுங்கள். மகள் சொல்வதைவிட அது பலிக்கும்.

கூட்டம் நடத்துவோருக்கும் இதை எழுதுகிறோம். ஜெபித்து முடித்த அதே மூச்சில், மருந்தை வைத்தியர் சொல்லாமல் யாரும் நிறுத்தவேண்டாம் என்று மூன்று மொழியிலும் மேடையிலிருந்து சொல்லுங்கள். சுகமான சாட்சியை அன்றிரவே மைக்கில் சொல்லவிடாமல், வைத்திய அறிக்கை வந்த பிறகு கேளுங்கள். இதற்கு அரை நிமிடம் போதும். இதைச் சொல்ல மறுக்கும் மேடைக்கு உங்கள் பெற்றோரைக் கூட்டிப் போகாதீர்கள்.

நாங்கள் சைவக் குடும்பம். பக்கத்துத் தெருவில் உள்ள சபை அரிசிப் பார்சல் கொடுக்கிறது. வாங்கப் போனவர்களைக் கூட்டத்தில் இருக்கச் சொன்னார்களாம். இது சரியா?
— வாசகி, கொட்டாஞ்சேனை

கூட்டத்தில் இருந்தால்தான் பார்சல் என்றால் சரியில்லை, அம்மா. எந்த மதத்தையும் ஏற்கும் சுதந்திரத்தை அரசியலமைப்பின் 10ஆம் உறுப்புரை தருகிறது. அதை வழிபாட்டில் வெளிப்படுத்தும் உரிமையை 14(1)(உ) தருகிறது. பசித்தவரின் கையைப் பிடித்து இழுக்க இவை உரிமை தருவதில்லை. 2004இல் மதமாற்றத் தடைச் சட்டமூலம் வந்தபோது அதன் சில பிரிவுகள் அரசியலமைப்புக்கு முரண் என்று உயர் நீதிமன்றம் சொன்னது, அது சட்டமாகவும் இல்லை. சட்டம் இல்லை என்பதால் மனச்சாட்சியும் இல்லை என்றாகாது. இப்படிச் செய்யும் ஒரு சபையால் ஒழுங்காகச் செய்யும் பத்துச் சபைகளின் பெயர் கெடுகிறது.

2022இல் காஸும் பால்மாவும் இல்லாமல் மக்கள் வரிசையில் நின்றபோது பல சபை மண்டபங்கள் சமையற்கூடங்களாயின. பெரிய மண்டபமும் பெரிய அண்டாவும் ஐம்பது தொண்டர்களும் கைவசம் இருக்கும் இடங்கள் நகரத்தில் அதிகம் இல்லை. பெருங்கூட்டங்களின் சமூகப் பங்கு இப்போது அதிகம் தெரிவது இங்கேதான். அதைச் சுத்தமாகச் செய்ய வழி இருக்கிறது. பெயர்ப் பட்டியலைக் கிராம உத்தியோகத்தரோடும் அப்பகுதிக் கோயில், பள்ளிவாசல், விகாரை நிர்வாகங்களோடும் சேர்ந்து தயாரிக்கவேண்டும். ஆராதனை இல்லாத நாளில், ஆராதனை மண்டபத்துக்கு வெளியே, ஒவ்வொருவரின் துண்டுச் சீட்டிலும் நேரம் குறித்துக் கொடுக்கவேண்டும். பார்சலுக்குள் துண்டுப்பிரசுரம் வைக்கக்கூடாது. வாங்குபவரின் முகத்தைப் படம் பிடித்து முகநூலில் போடவும் கூடாது. நாலு பேர் உள்ள குடும்பத்துக்கு ஒரு வாரத்துக்கு அரிசி 5 கிலோ, பருப்பு 1 கிலோ, சீனி 1 கிலோ, பால்மா 400 கிராம், தேயிலை 100 கிராம், தேங்காயெண்ணெய் 750 மில்லி லீற்றர், உப்பு, சவர்க்காரம். 425 கிராம் ரின் மீனைத் தனியே வைத்து, வேண்டியவர் எடுக்கட்டும். சைவ வீட்டுக்கு அதற்குப் பதில் கடலையும் சோயாவும். இதைக் கேட்காமல் கட்டும் பார்சலில் அரைவாசி அக்கம்பக்கத்தில் கைமாறும்.

நீங்கள் அந்தச் சபைப் போதகரை நேரில் கண்டு இதைச் சொல்லலாம். பலருக்குத் தங்கள் தொண்டர் வாசலில் என்ன சொல்கிறார் என்பதே தெரிவதில்லை.

மகள் எங்கள் பழைய சபையை விட்டுப் பெரிய சபைக்குப் போகிறாள். கலியாணத்தை அங்கே வைக்க ஆசைப்படுகிறாள். அது செல்லுமா? நாளைக்கு என்னை அடக்கம் செய்ய யார் வருவார்கள்?
— தந்தை, பம்பலப்பிட்டி

ஆலயக் கலியாணம் சட்டப்படி செல்ல, அந்தக் கட்டடம் திருமணம் நடத்தும் வழிபாட்டிடமாகப் பதிவாளர் நாயகத்திடம் பதிவு செய்யப்பட்டிருக்கவேண்டும். பழைய ஆலயங்கள் பெரும்பாலும் பதிவு பெற்றவை. வாடகை மண்டபத்தில் கூடும் புதிய சபைகள் பலவற்றுக்கு அது இருக்காது. ஆகவே மண்டபத்துக்கு முற்பணம் கட்டுமுன் பதிவு இருக்கிறதா என்று எழுத்தில் கேளுங்கள். இல்லாவிட்டால் ஆசீர்வாதத்தைப் போதகர் நடத்த, பதிவைப் பதிவாளர் வந்து செய்யவேண்டும். அவர் அலுவலகத்துக்கு வெளியே வந்து நடத்த விசேட அனுமதி வேண்டும்; முன்கூட்டியே விண்ணப்பியுங்கள். பழைய சபையில் மூன்று ஞாயிறு ஓலை (திருமண அறிவித்தல்) வாசிக்கும் வழக்கம் பெரிய சபைகளில் பெரும்பாலும் இல்லை. ஆட்சேபனை எழுந்தால் முதலில் தெரியவருவது அந்த வாசிப்பில்தான் என்பதால், மகளின் பெயரை உங்கள் சபையிலும் வாசிக்கக் கேளுங்கள், மறுக்கமாட்டார்கள்.

அடக்கம் பற்றி: உங்கள் உறுப்புரிமையை நீங்கள் மாற்றத் தேவையில்லை. சபையின் மரண சகாய சங்கத்தில் இருந்தால் சந்தாவை நிலுவையில்லாமல் கட்டி வாருங்கள், பற்றுச்சீட்டுக் கொப்பி எங்கே என்று மகளுக்கும் சொல்லி வையுங்கள். பொரளைக் கனத்தையிலோ ஜாவத்தையிலோ குடும்பக் கல்லறை இருந்தால் அதன் உரிமைப் பத்திரம் யார் பெயரில் இருக்கிறது என்று இப்போதே பாருங்கள். இறந்துபோன தாத்தாவின் பெயரிலேயே இருந்தால், துக்க வீட்டில் அதை மாற்ற அலையவேண்டி வரும். பெரிய சபைகள் பிள்ளைகளையும் வாலிபரையும் அருமையாகக் கவனிக்கின்றன. மூப்பும் மரணமும் அவற்றின் திட்டத்தில் இன்னும் சரியாக இடம்பெறவில்லை. அவற்றின் உறுப்பினர்களும் மூப்படைந்து வருகிறார்கள் என்பதால் இது மாறும், மாறத்தான் வேண்டும்.

2020இலிருந்து வீட்டில் இருந்தே யூடியூபில் ஆராதனை பார்க்கிறேன். முழங்கால் வலி. இது போதாதா?
— மூதாட்டி, மருதானை

நடக்க முடியாதவருக்குப் போதும், அம்மா. ஆனால் திருவிருந்தை வீட்டுக்குக் கொண்டுவந்து தரும்படி குருவானவரைக் கேளுங்கள். அது உங்கள் உரிமை, அவருக்குத் தொந்தரவு இல்லை. உங்களைப்போல வீட்டில் இருப்பவர்களின் பெயர்களைச் சபையில் ஒருவர் கொப்பியில் எழுதி மாதம் ஒருமுறை வந்து பார்க்கிறாரா என்றும் கேளுங்கள்.

தேர்தல் காலத்தில் வேட்பாளர்களைக் கூட்ட மேடையில் ஏற்றலாமா?
— வாலிபர் சங்கத் தலைவர், இரத்மலானை

ஏற்றாதீர்கள். வந்தால் வரவேற்று, மற்றவர்களோடு கதிரையில் இருக்கவிடுங்கள். மைக்கும் மாலையும் வேண்டாம். நீதி, ஊழல், காணாமல் ஆக்கப்பட்டோர் பற்றிப் பிரசங்கத்தில் பேசவேண்டியது கடமை. ஆளின் பெயர் சொல்லி வாக்குக் கேட்பது வேறு. வென்றவர் நாளை உங்கள் கட்டட அனுமதிக்கு உதவுவார் என்ற கணக்கு மனதில் இருந்தால், அதை மூப்பர் கூட்டத்திலேயே திறந்து பேசித் தீர்த்துவிடுங்கள்.

எங்கள் சபையில் தமிழ், சிங்களம், ஆங்கிலம் மூன்றையும் ஒரே ஆராதனையாக்கப் போகிறார்கள். தமிழ் மூத்தவர்களுக்கு மனமில்லை. திரையில் தமிழ் வரிகளும் அடிக்கடி உடைகின்றன. எப்படிச் சமாளிப்பது?
— இசைக்குழு உறுப்பினர், கொழும்பு 13

மூத்தவர்களின் மனவருத்தத்துக்குக் காரணம் இருக்கிறது. "மூன்று மொழி ஆராதனை" என்று அறிவித்துவிட்டு, ஆங்கிலத்தில் நாற்பது நிமிடமும் சிங்களத்தில் இருபதும் போன பிறகு தமிழுக்கு ஒரு கோரஸின் கடைசிச் சரணம் மட்டும் கிடைத்தால் யார் வருவார்? வாராந்தம் தமிழ் ஆராதனையைத் தனியே விட்டு, மாதம் ஒருமுறை எல்லோரும் சேர்வதே நல்ல ஏற்பாடு என்று நினைக்கிறோம். அந்த ஒரு முறையை விட்டுவிடவும் கூடாது. சிங்களக் குடும்பமும் தமிழ்க் குடும்பமும் ஒரே வாங்கில் இருந்து, ஒரே அப்பத்தைப் பிட்டு, பிறகு முற்றத்தில் மாலுபாணும் தேத்தண்ணியுமாக நிற்கும் இடங்கள் இந்த நகரத்தில் மிகக் குறைவு. பெருங்கூட்டம் இந்த நாட்டுக்குச் செய்யக்கூடியவற்றில் இதைவிடப் பெரிதாக எதையும் நாங்கள் காணவில்லை.

நேரத்தைக் கணக்கிட்டுக்கொள்ளுங்கள். ஒரு வசனத்தைச் சொல்லி நிறுத்தி இரண்டு மொழியில் பெயர்த்தால் 20 நிமிடப் பிரசங்கம் ஒரு மணி நேரம் எடுக்கும், கடைசியில் எந்த மொழிக்காரருக்கும் கோர்வையாக எதுவும் நிற்காது. ஒரு மொழியில் பிரசங்கித்து, மற்ற இரண்டையும் காதில் மாட்டும் கருவி வழியாகக் கேட்கச் செய்யலாம். இதற்குச் சிறு எப்எம் ஒலிபரப்பி வாங்குமுன் தொலைத்தொடர்புகள் ஒழுங்குபடுத்தும் ஆணைக்குழுவின் அனுமதி பற்றி விசாரியுங்கள். வைஃபை வழியாகக் கைத்தொலைபேசியில் கேட்கும் முறைக்கு அந்தச் சிக்கல் இல்லை. மூத்தவர்களுக்கு மட்டும் இரவல் கொடுக்கச் சில கருவிகளை வைத்திருங்கள். அதுவும் முடியாவிட்டால் பிரசங்கத்தின் சாரத்தை மூன்று மொழியிலும் ஒரு பக்கத்தில் அச்சடித்து வாசலில் கொடுங்கள். பிரசங்க மொழி மாதத்துக்கு மாதம் சுழலவேண்டும்.

திரையில் வரிகள் உடைவதற்குக் காரணம் பெரும்பாலும் யூனிகோடு அல்லாத பழைய பாமினி எழுத்துரு. வீட்டுக் கணினியில் பாமினியில் அடித்த பாடல், அந்த எழுத்துரு இல்லாத சபைக் கணினியில் ஆங்கில எழுத்துகளின் குப்பையாகத் தெரியும். சிங்கள வரிகளை எஃப்எம் அபய என்ற அதே வகை எழுத்துருவில் அடித்தாலும் இதே கதிதான். பழைய பாடல்களையெல்லாம் எழுத்துரு மாற்றும் மென்பொருளைக் கொண்டு யூனிகோடுக்கு மாற்றுங்கள்; மாற்றிய பிறகு ஒருவர் கீர்த்தனைப் புத்தகத்தோடு வரிக்கு வரி ஒப்பிட்டுப் படிக்கவேண்டும், ஏனென்றால் கொம்பும் ஔகாரமும் இடம் மாறும். நோட்டோ சான்ஸ் தமிழ் போன்ற இலவச எழுத்துருவை எல்லாக் கணினியிலும் நிறுவுங்கள். ஒரு திரையில் மொழிக்கு இரண்டு வரி, மொத்தம் ஆறு வரிக்கு மேல் வேண்டாம். திரையின் உயரம் கடைசி வரிசைத் தூரத்தில் ஆறில் ஒன்றாவது இருக்கட்டும். 24 மீற்றருக்கு 4 மீற்றர். தமிழை எப்போதும் அடியில் போடாதீர்கள், முன்னால் இருப்பவரின் தலை அடி வரியைத்தான் மறைக்கும்.

ஆங்கில மொழிமூலம் படித்த பிள்ளைகளுக்காகத் தமிழ்ப் பாட்டை ஆங்கில எழுத்தில் போடச் சொல்லிக் கேட்பார்கள். போடுங்கள், ஆனால் தமிழ் எழுத்தை எடுத்துவிட்டு அல்ல, அதன் கீழே சிறிதாக. ஞாயிறு பாடசாலையில் வாரம் ஒரு பாட்டைத் தமிழ் எழுத்தில் வாசிக்கப் பழக்கினால், ஒரு வருடத்தில் அந்தச் சிறிய வரியைக் குறைத்துவிடலாம்.